சோடியம் அறையில் ஐந்து வயர்கள்

முற்பகல் பதினொன்று இருபதுக்கு விளக்குகள் முழு வெளிச்சத்துக்கு வந்தன. நான் முதலில் பார்த்தது எங்கள் ஒலிப்பதிவாளர் லலிதாவின் நெற்றியை. குங்குமம் கறுப்பாக இருந்தது. உதடும் அதே கறுப்பு. காலையில் சிவப்பாக இருந்த அவளுடைய சுடிதாருக்கு இப்போது சொல்லும்படியான நிறம் எதுவும் இல்லை. துவைத்துக் காயப்போட்ட சாக்கு மாதிரி இருந்தது. அவளும் என்னையேதான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, நீங்க செத்து ரெண்டு நாள் ஆன மாதிரி இருக்கீங்க" என்றாள்.

"நீ மட்டும் என்னவாம்?"

சனத்நகர் தொழிற்பேட்டையில் பூட்டிக் கிடந்த ஒரு ஷெட் அது. நிறத்தைப் பற்றியும், மனிதர்கள் நிறத்தைப் பார்க்கும் விதத்தைப் பற்றியும் எங்கள் நிறுவனம் ஒரு சோதனை ஆவணப்படம் எடுத்தது. அதற்காக ஷெட்டுக்குள் ஓர் அறை கட்டியிருந்தோம். முன்பு நெடுஞ்சாலைகளில் எரிந்த ஒருவகை சோடியம் விளக்குகளை அதில் மாட்டியிருந்தோம். அந்த விளக்கு ஒரே ஒரு மஞ்சளை மட்டுமே தரும். வேறு நிறத்தின் ஒளியே அறையில் இல்லாதபோது, கண் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் நிறங்களைப் பிரிக்க முடியாது. அந்த அறைக்குள் எல்லாருமே நிறக்குருடர்கள்.

நான் ஓய்வு பெற்று ஓராண்டு ஆகிறது. போன மாதம் அலுவலகப் பக்கம் போனபோது, எடிட்டிங்கில் புதிதாகச் சேர்ந்திருக்கும் பெண் அந்தப் படத்தை ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். "கைக்கு மேம் இவ்ளோ கஷ்டம்? இப்போ ஒரு பட்டன் தட்டினா இந்த லுக் வந்துடும்" என்றாள். 'கைக்கு' என்றால் இந்த ஊர்ப் பேச்சில் 'ஏன்'. லுக் வந்துவிடும், ஆனால் அதற்குள் நின்று தடுமாற ஆள் வேண்டுமே என்றேன். பிறகு அவள், அந்த அறையில் எடுத்ததெல்லாம் படத்தில் இருக்கிறதா என்று கேட்டாள். இல்லை என்று சொல்லிவிட்டு வந்தேன். இல்லாததை இங்கே எழுதுகிறேன்.

என் பயிற்சிக் காலத்தைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. செகந்தராபாத்தில் ஒரு நாளிதழின் நகரப் பக்கத்தில் உதவி ஆசிரியையாக இருந்தேன். எனக்கு மேலிருந்தவர் கற்றுத் தந்தது ஒன்றுதான்: ஒரு சம்பவத்தைப் பற்றி இரண்டு பேர் ஒரே சொற்களில் சொன்னால் அதை ஒரே சாட்சியாகக் கணக்கில் எடு. அந்தப் பழக்கத்தோடுதான் ஆவணப்பட நிறுவனத்துக்கு வந்தேன். ஆய்வாளர் என்று அங்கே எனக்குப் பெயர். கேமராவுக்கு முன் நடப்பது நிஜமா, யாராவது சொல்லிக்கொடுத்து நடப்பதா என்று பார்ப்பதுதான் வேலை. நம்புவதற்கு வேறு ஆட்கள் இருந்தார்கள்.

இந்தப் படத்துக்காக நான் முதலில் போன இடம் கொண்டாப்பூர். அங்கே ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில், கண்ணைக் கட்டிக்கொண்டே நிறங்களைச் சொல்லப் பிள்ளைகளுக்குப் பயிற்சி தருவதாக ஒரு வகுப்பு நடந்தது. பெற்றோர்கள் பெரும்பாலும் ஐடி வேலைக்காரர்கள். ஒரு சிறுமியின் கண்ணில் கறுப்புப் பட்டை கட்டி, கையில் வண்ண அட்டைகளைக் கொடுத்தார்கள். அவள் ஒவ்வொன்றையும் வருடிப் பார்த்து, "பிங்க், ஆரஞ்ச், க்ரீன்" என்று சொன்னாள். எல்லாம் சரி. அவளுடைய அம்மா கோயம்புத்தூர்க்காரர். "பாத்தீங்களாங்க? மூளையோட ரெண்டு பக்கமும் திறந்திருச்சுங்க" என்றார்.

நான் பிள்ளையின் விரல்களைப் பார்க்கவில்லை. அட்டையை அவள் எங்கே வைத்துக்கொள்கிறாள் என்று பார்த்தேன். எப்போதும் வயிற்றுக்கு நேராக, மூக்குக்குக் கீழே. மூக்கின் இரண்டு பக்கமும் பட்டை சரியாக ஒட்டாது. அந்தச் சந்து போதும். "கண்ணு, அதை நெத்திக்கு மேல தூக்கிப் பிடிச்சுச் சொல்லு" என்றேன். பிள்ளை அட்டையைத் தூக்கினாள், கூடவே தலையையும் தூக்கினாள், பிறகு தவறாகச் சொன்னாள். பயிற்சியாளர் என்னை வெளியே அழைத்துப்போய், அறையில் நெகட்டிவ் எனர்ஜி இருக்கிறது என்றார். அது நான்தான் என்று அவர் சொல்லாமலே தெரிந்தது. அந்த அம்மா குடியிருப்பின் வாசல்வரை என்னோடு வந்து, "நீங்க வராம இருந்திருக்கலாமுங்க" என்றார்.

அந்த வகுப்பில் நான் குறித்துக்கொண்ட பாடம் இது: எல்லாவற்றையும் ஒருவர் சரியாகச் சொன்னால், எந்த வழியில் சொல்கிறார் என்று தேடு.

எங்கள் இயக்குநர் ராகவராவ் சார் இதைக் கேட்டுத் தலையசைத்தார். அவர் பாராட்டுவதில் அதற்கு மேல் கிடையாது. அவரைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கேள்வி ஒன்று கேட்பார். பதில் வந்ததும் கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைக்க ஆரம்பிப்பார். அடுத்த கேள்வி வராது. எதிரே இருப்பவருக்கு அந்த மௌனம் தாங்காது. தானாக வாய் திறந்து, சொல்ல நினைக்காததையும் சொல்லிவிடுவார். படத்தில் நல்ல பகுதிகள் பலவும் அப்படி வந்தவை. மௌனம் நீண்டால், "ஆ தர்வாத்த?" என்பார். தெலுங்கில் 'அப்புறம்?' என்று அர்த்தம். எங்களிடமும் அதே முறைதான். அவர் கண்ணாடியைத் துடைக்கத் தொடங்கினால் நான் உதட்டை இறுக்கிக்கொள்வேன். "கட்" என்று சொல்லி நான் கேட்டதில்லை. போதும் என்று தோன்றினால் ஒளிப்பதிவாளரின் தோளில் உள்ளங்கையை வைப்பார். அவருக்கு ஒரே ஒரு விதி உண்டு: சோதனைக்கு வருகிறவருக்கு என்ன சோதனை என்று முன்கூட்டித் தெரியக் கூடாது.

சோடியம் அறையின் ஒழுங்கை நான்தான் பார்த்துக்கொண்டேன். எல்லாருடைய செல்போனும் வெளியே ஒரு பிஸ்கட் டின்னில். கேமராவிலும் ஒலிக்கருவியிலும் கண் சிமிட்டுகிற சிறு விளக்குகள் மேல் கறுப்பு டேப். கூரைத் தகரத்தின் ஆணி ஓட்டைகளுக்குத் தார்த்தாள். வாசலுக்கு இரண்டு கறுப்புத் திரைகள். முதல் திரை மூடிய பிறகுதான் இரண்டாவதைத் திறக்கலாம். விளக்குப் போட்டதும் முதலில் ரோஜாச் சிவப்பாகத்தான் எரியும், மெல்ல மெல்ல மஞ்சளாக மாறும். அந்தச் சிவப்பு முற்றிலும் போகும்வரை யாரையும் உள்ளே விட மாட்டேன்.

நிறத்தோடு புழங்கும் தொழிலாளிகளை வரவழைத்து, அவரவர் பொருளையே கொடுத்தோம். தையல்காரர் ஒருவர் சிவப்பு நூலையும் நீல நூலையும் ஒரே குவியலில் போட்டார். வெளியே வந்து பார்த்துவிட்டு, கடை பெயர் மட்டும் படத்தில் வரக் கூடாது என்று கேட்டுக்கொண்டார். பூக்காரம்மா ரோஜாவை முகர்ந்து பார்த்துச் சொல்லிவிட்டார். மஞ்சள் சாமந்தியை வெள்ளை என்றார். எதிர்பார்த்தபடிதான் போனது.

பிறகு ஞானசேகர் வந்தார்.

நாற்பது தாண்டியவர், ஒல்லி. மௌலா அலியில் வீடு. தாத்தா காலத்தில் திருநெல்வேலியிலிருந்து வந்த குடும்பம். எங்கள் ஷெட்டுக்கு நாலு கதவு தள்ளி, மோட்டார்களை இயக்கும் மின் பேனல்கள் செய்யும் ஒரு தொழிற்கூடம் இருந்தது. அதில் பேனலுக்குள் வயர் பூட்டுகிறவர். டீக்கடையில் லலிதாவோடு தமிழில் பேச்சுக் கொடுத்து, அவள் கூப்பிட்டு வந்தவர்.

வெள்ளைத் தட்டில் ஐந்து வயர்த் துண்டுகளை வைத்தோம். ஞானசேகர் குனிந்தார், ஒரு தடவை பார்த்தார், வரிசையாக எடுத்து வைத்தார். "மஞ்சள், சிவப்பு, பச்சை, நீலம், கறுப்பு." ஐந்தும் சரி.

ராகவராவ் சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஞானசேகர் கைகட்டி நின்றார். அவர் துடைத்துக்கொண்டே இருந்தார், இவர் நின்றுகொண்டே இருந்தார். அந்த மௌனத்துக்கு அசையாத ஆளை அன்றுதான் முதலில் பார்த்தேன்.

வெளியே வந்து லலிதாவைப் பிடித்தேன். "நீ ஏதாவது சொல்லி வச்சியா?"

"என்னத்தச் சொல்றது? தட்டுல என்ன வைக்கப்போறீங்கன்னு எனக்கே தெரியாது. என் மேலயும் சந்தேகமா? நல்லாருக்கு அக்கா."

தார்த்தாளைச் சரிபார்த்தேன். எங்கும் வெளிச்சம் கசியவில்லை. வயர் மேல் அச்சிட்ட எழுத்தை வைத்துக் கண்டுபிடித்திருக்கலாம் என்று நினைத்து, வேறு கம்பெனி வயரை வாங்கி, எழுத்தைத் தின்னரால் துடைத்து, மறுநாள் கொடுத்தேன். மீண்டும் ஐந்தும் சரி. மூன்றாவதாக, எல்லாவற்றையும் எடுத்துவிட்டு ஒரே ஒரு துண்டைக் கையில் கொடுத்தேன்.

"அடுத்ததையும் குடுங்க அக்கா. சேர்த்துச் சொல்றேன்."

"ஒண்ணொண்ணாத்தான் சொல்லணும்."

"அப்போ நக்கோ, வேண்டாம். இது தெரியாது."

அங்கே எனக்குப் பொறி தட்டியது. மற்றவர்கள் அந்த அறையில் இல்லாத நிறத்தைத் தேடிக் குழம்பினார்கள். இவர் தேடவே இல்லை. எது எதைவிட வெளுப்பு என்று பக்கத்தில் வைத்துப் பார்த்தார். ஒரு மனிதருக்கு இவ்வளவு சீக்கிரம் அந்தப் பழக்கம் வராது.

அன்று தேநீர் இடைவேளையில் முற்றத்துத் திண்டில் இரண்டு கேமரா பேட்டரிகள் சார்ஜில் இருந்தன. ஒவ்வொரு சார்ஜரிலும் ஒரே விளக்குதான். ஏறும்போது சிவப்பு, நிறைந்ததும் பச்சை. ஒளிப்பதிவாளர் உள்ளேயிருந்து, "ஃபுல்லானது ஒண்ணைக் குடுங்க பாய்" என்று ஞானசேகரைப் பார்த்துக் குரல் கொடுத்தார். இரண்டு விளக்கும் வெயில் படாத இடத்தில் தெளிவாக எரிந்தன. ஞானசேகர் விளக்குகளைப் பார்க்கவில்லை. ஒரு பேட்டரி மேல் கை வைத்தார், அடுத்ததன் மேல் வைத்தார், சூடு ஆறியிருந்ததை எடுத்துக் கொடுத்தார்.

கண்டுபிடித்ததை இயக்குநரிடம் சொல்வது என் வேலை. சொன்னேன். எங்களுக்குள் தெலுங்கில்தான் பேச்சு.

"பிறவியிலேயே சிவப்பும் பச்சையும் தெரியாது சார். அதனாலதான் சோடியம் அறை அவருக்குப் புதுசா இல்லை."

"ஆ தர்வாத்த?"

"வேலையில இது யாருக்கும் தெரியாதுன்னு நினைக்கிறேன். வயர் பூட்டுற ஆள் சார்."

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "நாளைக்கு ரெண்டு சார்ஜரையும் அவர் முன்னாடி வைங்க. கேமரா ஓடட்டும். எது ஃபுல்லுன்னு நான் கேக்குறேன். அவர்கிட்ட எதுவும் சொல்ல வேண்டாம்."

"வேலை போயிடும் சார்."

"பேர் போட மாட்டோம்."

"முகம் இருக்கும்."

"முகம் இல்லாம படம் எப்படி மேடம்?"

எனக்கு இரண்டு பக்கமும் சந்தேகம். அந்தக் காட்சி வெளியானால் ஒருவர் வேலை போகும். வெளியாகாவிட்டால், சிவப்பும் பச்சையும் தெரியாதவர் பூட்டிய பேனலில் யாராவது கை வைப்பார்கள். செய்தித்தாளில் இருந்திருந்தால் இரண்டாவதுதான் தலைப்பு.

பிற்பகலில், பின்னணிக் காட்சிகள் எடுக்க அனுமதி கேட்கிற சாக்கில் அவருடைய தொழிற்கூடத்துக்குப் போனேன். ஞானசேகர் மேசையில் இருந்தார். ஒவ்வொரு வயரின் இரு முனையிலும் எண் அச்சிட்ட சின்ன பிளாஸ்டிக் குழாய் செருகியிருந்தது. எண்ணைப் படித்தார், மீட்டரை வைத்தார், பீப் சத்தம் கேட்ட பிறகுதான் திருகாணியை முடுக்கினார். பக்கத்து மேசைக்காரர் நிறத்தைப் பார்த்து மளமளவென்று பூட்டிக்கொண்டே போனார். ஆனால் வெளியாள் பார்க்கும்போது யாரும் ஒழுங்காகத்தான் வேலை செய்வார்கள். அதனால் பேனல்களைச் சோதித்து அனுப்புகிற யாதகிரியிடம், யாருடைய பேனல் அதிகம் திருப்பி அனுப்பப்படுகிறது என்று பொதுவாகக் கேட்டேன்.

"எல்லார்தும் வரும் மேடம். சேகர்து மட்டும் ராதே ராது, வரவே வராது. நானும் அவனும் கூட்டுன்னு இங்க பேச்சு" என்று சிரித்தார். கூட்டாக இருக்கலாம் என்றுதான் எனக்கும் தோன்றியது.

வேலை முடிந்து வெளியே வந்த ஞானசேகரைச் சந்தில் நிறுத்தினேன்.

"சிவப்பு, பச்சை உங்களுக்குத் தெரியாது. சரிதானே?"

அவர் மறுக்கவில்லை. டிபன் பையை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினார்.

"வேலைக்குச் சேரும்போது கண் டெஸ்ட் வச்சிருப்பாங்களே?"

"புள்ளி புள்ளியா, நடுவுல நம்பர் இருக்கிற புக். பக்கத்தைப் புரட்டிக்கிட்டே கேப்பாங்க. வரிசை மாறாது. முன்னாடி போன பையன்கிட்ட கேட்டு மனப்பாடம் பண்ணிட்டேன்."

"வீட்டுல தெரியுமா?"

"கல்யாணப் புடவை எடுக்கப் போன அன்னைக்கே மேரி கண்டுபிடிச்சுட்டா. அதுலருந்து எனக்குச் சட்டை எடுக்குறது அவதான்."

"உங்க பேனல்ல கை வச்சு யாராவது செத்தா?"

அவர் குரல் உயரவில்லை. "ஒருத்தரைச் சொல்லுங்க. கலர் தெரிஞ்சவன் கலரை நம்பி நம்பரைப் படிக்காம விடுவான். எனக்கு அந்த வசதி கிடையாது. ஒவ்வொண்ணும் மீட்டர் வச்சுத்தான். இதை எழுதிப்பீங்களா, படம் எடுப்பீங்களா?"

நாளைய திட்டத்தைச் சொன்னேன். இரண்டு சார்ஜர், ஒரு கேள்வி. "நீங்க வராதீங்க. வராட்டி அந்தக் காட்சி கிடையாது" என்றேன்.

"டைரக்டருக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"நான்தான் சொன்னேன். என் வேலை அது."

"ஹவ்" என்றார். ஆமாம் என்று அர்த்தம். பேருந்து நிறுத்தத்தின் பக்கம் நடந்தார்.

மறுநாள் அவர் வந்தார். சொன்ன நேரத்துக்குச் சற்று முன்பே வந்து, முற்றத்தில் போட்டிருந்த நாற்காலியில் உட்கார்ந்தார். லலிதா மைக் மாட்டினாள். இரண்டு சார்ஜர்களையும் மேசையில் வைத்தேன். கேமரா ஓடியது. ராகவராவ் சார் கேட்டார், "இதுல எது ஃபுல்?"

ஞானசேகர் பேட்டரியைத் தொடவில்லை. "ரெண்டும் எனக்கு ஒரே மாதிரிதான் சார். சிவப்பு, பச்சை எனக்குத் தெரியாது. பொறந்ததுலருந்து. காலையில எங்க சூப்பர்வைசர்கிட்ட இதைச் சொல்லிட்டுத்தான் இங்க வந்தேன்."

கண்ணாடி கழன்றது. சட்டை நுனி துடைத்தது. ஞானசேகர் கைகளை மடியில் வைத்துக்கொண்டு அவரையே பார்த்தார். தெருவில் ஒரு லாரி பின்னால் எடுக்கும் சத்தம் கேட்டு ஓய்ந்தது. முதலில் பேசியது ராகவராவ் சார்தான்.

"ஏன் போய்ச் சொன்னீங்க?"

"இந்த அக்கா நேத்து என்னைக் காப்பாத்த வந்தாங்க" என்று என் பக்கம் கை காட்டினார். "அதுக்கு முன்னாடி உங்ககிட்ட சொன்னதும் இவங்கதான். அடுத்து யாருகிட்ட சொல்லுவாங்கன்னு எனக்கெப்படித் தெரியும்? தினமும் காலையில கேட்டுக்குள்ள நுழையும்போது இன்னைக்கா நாளைக்கான்னு கைக்கு நினைக்கணும்? நானே சொல்லிட்டேன். முடிஞ்சுது."

ராகவராவ் சார் ஒளிப்பதிவாளரின் தோளில் கையை வைத்தார்.

படத்தொகுப்பின்போது அந்தக் காட்சியை அவர் ஒருமுறைதான் ஓட்டிப் பார்த்தார். "சோதனை என்னன்னு தெரிஞ்சு வந்த ஆள். நம்ம படத்துல இதுக்கு இடமில்லை" என்றார். வயர்த் துண்டுகளைப் பிரித்த காட்சியும் அதோடு போனது. அது மட்டும் தனியே நின்றால், இவர் மட்டும் எப்படி ஐந்தையும் சரியாகச் சொன்னார் என்று யாராவது கேட்பார்கள் என்றார். அந்த அறையில் எடுத்ததில் தையல்காரரும் பூக்காரம்மாவும் மட்டும் படத்தில் இருக்கிறார்கள். கடை பெயர் வரவில்லை. விதியை மீறியது யார் என்று அவர் என்னிடம் கேட்கவில்லை. ஆனால் நான் ஓய்வு பெறும்வரை, எந்தச் சோதனையின் விவரத்தையும் கேமரா தயாரான பிறகுதான் எனக்குச் சொன்னார். அவர் இடத்தில் இருந்திருந்தால் நானும் அப்படித்தான் செய்திருப்பேன்.

ஞானசேகர் அதன் பிறகு எனக்குப் போன் செய்யவில்லை. லலிதா எப்போதாவது டீக்கடையில் பார்ப்பாள். அவள் மூலம்தான் தெரிந்தது. தொழிற்கூடத்தில் இரண்டு நாள் கூடிப் பேசியிருக்கிறார்கள். யாதகிரி அவருக்காகப் பேசினாராம். அதனாலேயே கூட்டு என்ற பேச்சு உறுதிப்பட்டதாம். பழைய ஆள் என்பதால் வேலையை விட்டு எடுக்கவில்லை. வயர் பூட்டுவது இனி அவருக்குச் சரிவராது, ஆபத்து என்று சொல்லி, ஸ்டோருக்கு மாற்றினார்கள். அங்கே இருக்கும் வயர்ச் சுருள்களில் எண் கிடையாது. மேசைக்காரர்கள் வந்து கேட்கிற நிறத்தில் வயரை அளந்து வெட்டிக் கொடுப்பது இப்போது அவருடைய வேலை.